கைக்கு எட்டாத கோயில்

எதிரே உள்ள ஆஸ்பத்திரியில் மகன் ஜினோவைத் தலை ஆபரேஷனுக்கு உள்ளே கொண்டுபோனதும், ஞானமுத்து சாலையைக் கடந்து மாதா கோயிலுக்கு ஓடி வந்திருக்கிறார். ஜினோ பிறந்த அன்றும் இங்கேதான் மாதாவின் பாதத்தைப் பிடித்துக்கொண்டு நின்றார். அந்தப் பழைய கோயில் இப்போது இல்லை. புதிதாகக் கட்டிய வட்டமான கான்கிரீட் சுவரில் ஒரு படமில்லை, சொரூபமில்லை. கூரையில் விட்டிருக்கும் நீண்ட பிளவு வழியே மதுரையின் மத்தியான வெயில் வெறும் பலிபீடத்தின் மேல் இறங்குகிறது. அழகாகத்தான் இருக்கிறது. அவர் வெளிச்சத்துக்குள் கையை நீட்டிப் பார்க்கிறார். உள்ளங்கை சூடாகிறது, அவ்வளவுதான். அவருடைய இருமல் சுவரைச் சுற்றிவிட்டு அவரிடமே திரும்பி வருகிறது. தரை துடைத்துக்கொண்டிருக்கும் ராக்கம்மாளிடம், "மாதா எங்கம்மா?" என்கிறார்.

"ஸ்டோர் ரூம்ல இருக்குண்ணே. புதுக் கட்டடத்துக்குப் பொருந்தலன்னு வச்சுட்டாக. சாவி ஃபாதர்ட்ட இருக்கு. அவரு சாயங்காலந்தான் வருவாரு."

"அம்புட்டு நேரம் தாங்காதும்மா."

பின்பக்கம் போய், பூட்டிய ஸ்டோர் ரூம் தகரக் கதவின் முன்னால் மண்டியிடுகிறார். கீழே உள்ள இடுக்கில் விரல்களை நுழைக்கிறார். "தாயே, ஜினோ... எதிர்த்த ஆஸ்பத்திரியிலதான், ரெண்டாவது மாடி" என்று வழி சொல்கிறார். விரல் நுனியில் சிமெண்டுத் தூசி மட்டும் தட்டுப்படுகிறது. அவர் கையை இன்னும் உள்ளே தள்ளுகிறார், தகரம் கீறி, புறங்கைத் தோல் கிழிகிறது, அப்போதும் தள்ளுகிறார்.