நாற்பது வீட்டு செட்

புல்டோசரை நிறுத்திவிட்டு வந்த நகராட்சி எஞ்சினியர் பக்தாயன், கேமராவுக்குப் பக்கத்தில் நின்றிருந்த தயாரிப்பாளர் ரெமெடியோஸிடம் விறைப்பாகச் சொன்னார்.

“வெள்ளிக்கிழமை வெளிநாட்டு விருந்தாளிங்க இந்த வழியா வர்றாங்க, மேடம். மணிலாவுல குடிசையே கண்ணுல படக்கூடாதுன்னு மேலிடத்து உத்தரவு. இந்த நாப்பதையும் இடிக்கணும்.”

“குடிசையா இருந்தா தாராளமா இடிங்க சார். இது சினிமா செட். படம் முடியுற வரைக்கும் பர்மிட் இருக்கு.”

பர்மிட்டில் அதே மேலிடத்தின் கையெழுத்து இருந்தது. பக்தாயன் ஒரு தகரச் சுவரைத் தட்டிப் பார்த்தார்.

“கருவாடு பொரிக்கிற வாசனைகூட வருதே?”

“என் படத்துல எல்லாம் அசலா இருக்கணும் சார்.”

“அதுக்காக இப்படியா? நாப்பது வீட்டுக்கு ஒரே ஒரு குழாய். மனுஷன் எவனாவது இப்படி வாழ்வானா? ரொம்ப மிகை, மேடம்.”

“எங்க ஆர்ட் டைரக்டருக்கு எதையும் அளவா செய்யத் தெரியாது சார்.”

பக்தாயன் சிரித்துவிட்டு, புல்டோசரோடு திரும்பிப் போனார்.

புழுதி அடங்கியதும் தகரச் சுவருக்குப் பின்னாலிருந்து அந்த வீட்டுக்கார அம்மாள் அலிங் பசிங் எட்டிப் பார்த்தார்.

“நான் பொறந்து வளர்ந்த வீடு மேடம் இது. செட்டுன்னு நம்பிட்டுப் போறாரே. எனக்குக் கருவாடு கருகிடுமேங்கிற கவலைதான்.”

ரெமெடியோஸ் டைரக்டர் பக்கம் திரும்பினார். “அவர் பேசினது பதிவாச்சா?”

“ஒரு வார்த்தை விடல.”

“நல்லது. ‘மனுஷன் எவனாவது இப்படி வாழ்வானா’ன்னு கேட்டாரே, அங்கதான் நம்ம படம் ஆரம்பிக்குது.”