ஐம்பத்தேழாம் புலி

சத்தியமங்கலம் காட்டுக் கேமராக்கள் எடுக்கும் படங்களைப் புவனகிரி வீட்டில் உட்கார்ந்து சரிபார்ப்பது தஸ்னீமின் வேலை. புலிக்குப் புலி வரி மாறும். வரிகளை ஒப்பிட்டு ஒவ்வொரு புலிக்கும் கம்ப்யூட்டர் ஓர் எண் தரும். தவறானதை அவள் நீக்குவாள்.

அந்தக் கேமராக்களை மரங்களில் கட்டியவன் அவள் கணவன் ஹுமாயூன். கட்டியதும், படம் விழுகிறதா என்று பார்க்கப் புலி மாதிரி அதன் முன்னால் தவழ்ந்து போவான். போன கணக்கெடுப்பில் அவனுடைய கோடு போட்ட சட்டையைப் பார்த்துக் கம்ப்யூட்டர் ஐம்பத்தேழு என்று எண் கொடுத்துவிட்டது.

"பாத்தியா, நானும் புலிதான்" என்று போனில் சிரித்தான். அவளுக்கு அதை நீக்க மனம் வரவில்லை.

ஹுமாயூன் இறந்து ஒன்பது மாதம் ஆகிறது. சட்டை பீரோவில் இருக்கிறது.

இன்று ஐம்பத்தேழு மறுபடியும் வந்தது. போன செவ்வாய்க்கிழமை, காலை ஆறரை மணிப் படம். தவழ்ந்து போகிறவனின் முகம் தெரியவில்லை. சட்டைத் தோளில் அவள் கோணலாகத் தைத்த கிழிசல் தெரிந்தது.

ஆபீசிலிருந்து காயத்ரி கூப்பிட்டாள். "அக்கா, அம்பத்தேழு மெஷின் மிஸ்டேக்கு. எடுத்துடுங்க."

"எடுத்துடுறேன்மா."

போனை வைத்துவிட்டு, 'உயிருடன் உள்ளது' என்ற கட்டத்தில் குறியிட்டாள். அடுத்த கட்டம், செல்லும் திசை. படத்தில் நிழல் அவனுக்குப் பின்னால் விழுந்திருந்தது. கிழக்கு. புவனகிரி இருக்கும் பக்கம்.

தஸ்னீம் எழுந்துபோய் வாசல் தாழ்ப்பாளை நீக்கி வைத்தாள்.