இரண்டாவது சாவு

செஞ்சிக்கோட்டையில் சாயங்கால வெயில் கல்யாண மகாலின் மேல்தட்டுகளை மட்டும் பிடித்துக்கொண்டிருக்கிறது. கீழே பாப்பையா சாவதற்கு ஒத்திகை பார்க்கிறார். தெலுங்குப் படம் பேசத் தொடங்கியதிலிருந்து முப்பது வருஷமாக அவர்தான் ராஜா. "பாட்டு வேண்டாம் சார், விழுந்தா போதும். வெளிச்சம் போகுது," என்கிறார் டைரக்டர். தலையாட்டிவிட்டு, மார்பில் அம்போடு முழுப் பாட்டையும் பாடுகிறார் பாப்பையா. மைக் இல்லாத நாடகக் கொட்டகையில் வளர்ந்த குரல் ராஜகிரிப் பாறையில் மோதித் திரும்புகிறது. கிரீடம் உருள, சாய்ந்து கண் மூடுகிறார். பக்கத்துச் சிங்கவரத்தில் மல்லாட்டைக் கடலை பிடுங்கிய கையோடு வேடிக்கை பார்க்க வந்திருக்கும் அம்மாக்கண்ணுவுக்குத் தெலுங்கில் ஒரு வார்த்தை தெரியாது. மண் ஒட்டிய புறங்கையால் கண்ணைத் துடைத்துக்கொள்கிறாள். "ஐயா, இன்னொரு வாட்டி பாடிட்டு சாவுங்க!" கூட்டத்தில் யாரும் சிரிக்கவில்லை. பிணம் ஒரு கண்ணைத் திறக்கிறது. ஜனம் 'ஒன்ஸ்மோர்' கேட்டால் செத்தவனும் எழுந்து பாடியாக வேண்டும். அவர் வந்த மேடையில் அதுதான் சட்டம். பாப்பையா எழுகிறார், கிரீடத்தில் தூசி தட்டுகிறார், தலையில் வைத்து அழுத்திக்கொள்கிறார். டைரக்டர் பக்கம் திரும்பி, "கேட்டீங்க இல்ல பாபு? கேமராவை ஓட்டுங்க," என்கிறார். "ராஜா சாகப் போறாரு."