ரெங்கம்மா மறைத்த சேதி

எழுபதாம் வருஷத் தேர்தலுக்கு இன்னும் மூன்றே நாள். எம்.பி. தாஸிமின் ஜீப் பசறை ஊருக்கு மேலே, தேயிலைத் தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடுகளான லயத்தின் முன்னால் வந்து நின்றது.

"கேக்க வேண்டியதக் கேளு. அதை மட்டும் சொல்லிப்புடாத" என்று பொன்னையா மனைவியின் காதில் கிசுகிசுத்தான். "தெரிஞ்சா மனுசன் இந்தப் பக்கமே வரமாட்டாரு."

ரெங்கம்மா முந்தானையை இழுத்துவிட்டுக்கொண்டு ஜீப்பின் அருகே போனாள். தாஸிம் பதினெட்டு வருஷமாக எம்.பி.யாக இருப்பவர். லயத்துக்குத் தண்ணீர்க் குழாயும் பள்ளிக்கூடத்துக்குத் தகரக் கூரையும் அவர் போட்டுக் கொடுத்தவைதான்.

"மகளுக்கு அடுத்த மாசம் பேறுகாலங்க" என்றாள். "ஆஸ்பத்திரிக்கு மூணு மைல் கம்பளியில கட்டித்தான் தூக்கிட்டுப் போகணும். பஸ்ஸு இங்க வரைக்கும் வந்தா நல்லாருக்கும்."

தாஸிம் குறித்துக்கொண்டார். "தோத்தாலும் இதை முடிச்சுக் குடுத்துட்டுத்தாம்மா ஓய்வேன்."

அதற்கு மேல் அவளால் தாங்க முடியவில்லை.

"ஐயா, இத்தனை வருஷமா உங்கள ஏமாத்திட்டோம். இந்த லயத்துல ஒருத்தருக்கும் ஓட்டு இல்லீங்க. நாங்க இந்த நாட்டுப் பிரஜாவுரிமை கிடைக்காத சனம்."

பொன்னையா தலையில் கை வைத்துக்கொண்டான்.

தாஸிம் சிரித்தார். "அது எனக்கு முதல் நாளே தெரியும், ரெங்கம்மா. ஓட்டு இருக்கிறவங்க கூப்பிட்டா நான் போயே ஆகணும். உங்களால கூப்பிட முடியாது. அதான் நானா வர்றேன்."

பொன்னையா உள்ளே போய், வீட்டிலிருந்த ஒரே நாற்காலியைத் தூக்கி வந்து போட்டான்.

"உக்காருங்கய்யா. ஒரு வாய் தேயிலைச் சாயத்தண்ணி குடிச்சிட்டுப் போங்க."