ஆத்துக்கு வாங்கோ

கணவரின் ஆபீஸ் தரும் எல்.டி.சி. பயணச் சலுகையில் ஊர் சுற்றிவந்த பத்து நாளில், சுந்தரவல்லியின் மனசை அள்ளியது கொங்கணக் கடற்கரையோரமாகப் போன அந்த ஒருநாள் பஸ் பயணம்தான். கைடு மைக்கைப் பிடித்துக்கொண்டு ஒவ்வொரு வளைவிலும் எதையாவது காட்டினார். கரும்பாறைகள், அவற்றின் உச்சியில் இடிந்த கோட்டை, பனைமர உயரம் எழும்பிச் சிதறும் அலைகள். இருபது வருஷமாக டெல்லிப் புழுதியையே பார்த்த கண்ணுக்கு அத்தனையும் அதிசயமாக இருந்தது.

கடைசி நிறுத்தத்தில் டிரைவர் ஹாரன் அடித்தார். கிளம்ப மனமில்லாமல், யாரிடம் விடைபெற்றாலும் சொல்வதைக் கடலிடமும் கைகூப்பிச் சொன்னாள்.

"டெல்லிப் பக்கம் வந்தா அவசியம் ஆத்துக்கு வாங்கோ. ஆர்.கே. புரம், செக்டர் நாலு, ரெண்டாவது மாடி."

"கடலுக்கு அட்ரஸா?" என்று கணவர் வீரராகவன் சிரித்தார்.

வீடு திரும்பிய ஜூன் மத்தியானத்தில் அனல் காற்று வீசியது. எதிர்வீட்டு மிஸஸ் கபூர் எட்டிப் பார்த்தாள். "பஹன்ஜி, காலையில யாரோ உங்க கதவை ரொம்ப நேரம் தட்டினாங்க. நான் வர்றதுக்குள்ள போயிட்டாங்க."

மாடிப்படியெல்லாம் ஈரம். பூட்டிய கதவில் இடுப்பு உயரத்துக்கு உப்பு பூத்திருந்தது. வாசற்படியில் ஒரு கைப்பிடி சிப்பி.

"அவ்வளவு தூரம் வந்துட்டு, ஒரு வாய் காபி கூடச் சாப்பிடாமப் போயிருக்காளே!" என்றாள் சுந்தரவல்லி. வீரராகவன் சிரிக்கவில்லை.

அன்றிலிருந்து வெளியே போகும்போதெல்லாம் அவள் சாவியை எதிர்வீட்டில் கொடுத்துவிடுகிறாள். யாராவது ஈரத்தோடு வந்தால், கதவைத் திறந்து உட்கார வைக்கச் சொல்லியிருக்கிறாள்.