எண்பதில் போன ஓநாய்

"உள்ளே வாங்கக்கா" என்று புள்ளிக்காரி கூப்பிட்டபோது எனக்குக் காதில்தான் கோளாறோ என்று தோன்றியது.

எதிர்வீட்டுக்கு அவள் குடிவந்து மூன்று வருடம் ஆகிறது. இதுவரை அந்த வீட்டில் நான் பார்த்ததெல்லாம் ஒரு சாண் திறந்த கதவும், அந்தச் சந்தில் அவள் மூக்கும்தான்.

செருப்பைக் கழற்றிய வேகத்தில் ஒன்று குப்புற விழுந்தது. கிடக்கட்டும் என்று உள்ளே போனேன்.

புள்ளிக்காரி என்பது நான் வைத்த பேர். தெரு முழுக்க ஒட்டிக்கொண்டது. காட்டு ஓநாய்க்குக் கழுத்தில் பட்டை கட்டி விடுவார்களாம். இப்போது இங்கே இருக்கிறேன் என்று பட்டை பத்து நிமிஷத்துக்கு ஒரு தரம் சொல்லுமாம். அது கம்ப்யூட்டரில் ஒரு புள்ளியாக வந்து விழுமாம். புள்ளிகளைக் கோத்து, எங்கே இரை தேடியது, எங்கே படுத்தது, நாளைக்கு எந்தப் பக்கம் போகும் என்று இவள் கணக்குப் போடுவாளாம்.

இதற்கு ஒரு படிப்பு, ஒரு சம்பளம். இதே வேலையை நான் ஜன்னலோரம் நாற்காலி போட்டு இனாமாகச் செய்துகொண்டிருக்கிறேன். மாடிவீட்டு டீச்சர் நாளைக்கு எந்தப் பக்கம் போவாள், யாருடைய பைக்கில் போவாள் என்பதுவரை என்னால் சொல்ல முடியும்.

அறை ஏமாற்றிவிட்டது. ஒரு மேஜை, ஒரு நாற்காலி, ஆடை கட்டிப்போன காப்பி. சுவரில் கல்யாண போட்டோவைத்தான் முதலில் தேடினேன். இல்லை. ஓநாய் போட்டோ இருந்தது. ஒரு காது மடங்கிய பெண் ஓநாய், வயிற்றை முட்டிக்கொண்டு நாலு குட்டிகள்.

மகராணி என்று பேர். போன மாதம் காய்கறிக் கடையில் இவளே சொன்னதுதான். குட்டிகளுக்கு இன்னும் இரை பிடிக்கத் தெரியாது, தாய் தின்றுவிட்டு வந்து கக்கினால்தான் உண்டு என்றாள். அன்றைக்கு அந்த முகத்தில் சிரிப்புகூட இருந்தது.

இன்றைக்குத் துடைத்துவிட்ட பலகை மாதிரி இருந்தது.

கம்ப்யூட்டரை என் பக்கம் திருப்பினாள். பச்சையின் மேல் ஒரு நீலக்கோடு வளைந்து வளைந்து போனது.

"இது ஒரு வாரமா மகராணி நடந்த வழி. நடந்துச்சுன்னு நான் நினைச்ச வழி."

கரண்ட் பில்லைப் படிக்கிற குரலில் மிச்சத்தையும் சொன்னாள். பட்டை சில சமயம் தப்பான இடத்தைச் சொல்லிவிடுமாம். அதனால் ஓநாயால் ஓட முடியாத வேகத்தில் வருகிற புள்ளியைத் தள்ளிவிடும்படி கணக்கிலேயே எழுதி வைத்திருக்கிறாள். போன வாரம் மகராணி எண்பது கிலோமீட்டர் வேகத்தில் தார்ரோட்டில் போயிருக்கிறது. கணக்கு தள்ளிவிட்டது. அதற்குப் பிறகு வந்த புள்ளிகள் காட்டைவிட்டு வெகுதூரம். அவற்றையும் தள்ளிவிட்டது. காலியாகக் கிடந்த இடத்தில், மகராணி வழக்கமாக நடக்கிற மாதிரி தானே ஒரு கோடு வரைந்து தந்தது.

"குட்டிங்ககிட்ட தினமும் வந்து போற மாதிரியே வரைஞ்சிருக்குக்கா. நல்லா இருக்குன்னு நானும் ஆபீசுக்கு எழுதிட்டேன். ஒரு வாரமா என் கணக்குதான் நடந்துட்டு இருந்திருக்கு. மகராணி இல்ல."

"குட்டிங்க?"

"நேத்துதான் ஆபீஸ்காரங்க போய்ப் பார்த்தாங்க."

சுவரில் இருந்த நாலு குட்டிகளைப் பார்த்தாள். அழுவாள் என்று முந்தானையைத் தயாராகப் பிடித்திருந்தேன். அதற்கும் வேலை வரவில்லை.

அந்த மௌனத்தை என்னால் தாங்க முடியவில்லை. எனக்கு எந்த மௌனமும் தாங்காது.

"எவனோ அடிச்சு வண்டியில தூக்கிப் போட்டுட்டுப் போயிருக்கான், கட்டையில போறவன். இவனுங்களுக்கெல்லாம் கண்ணு பிடரியிலதான் இருக்கு. எங்க வீட்டுக்காரரும்தான் வேன் ஓட்டறாரு. போன வாரம் அதே காட்டு ரோட்டுல மரக்கிளை விழுந்து முன்லைட்டு நொறுங்கிடுச்சு. ஆனா வழியில ஒரு எறும்பை நசுக்கியிருப்பாரா?"

அவள் என்னை நிமிர்ந்து பார்த்தாள். முகம் மாறவில்லை. தள்ளிவிட்ட புள்ளிகளைத் திரும்பக் கூப்பிட்டாள்.

சிவப்புப் புள்ளிகள் ரோட்டோரமாக வரிசை கட்டின. வரிசை முடிந்த இடத்தில் ஒரே குவியல், எறும்பு மொய்த்த மாதிரி. அவள் படத்தைப் பெரிதாக்கினாள். கூரைகள் வந்தன.

"அட, நம்ம தெரு" என்றேன். எனக்கு உற்சாகம் தாங்கவில்லை. "இது பூட்டுக்கடைக்காரர் வீடு. இது டீச்சர் வீட்டு மாடி. துணி காயப்போட்டிருக்கா பாரு."

இன்னும் பெரிதாக்கினாள்.

ஒரு மொட்டை மாடி. ஒரு கறுப்புத் தண்ணித்தொட்டி. பக்கத்தில் வெடித்துப்போன வெள்ளைத் தொட்டி, எடுத்துப் போடச் சொல்லி நான் இரண்டு வருடமாகக் கத்திக்கொண்டிருப்பது. பின்னால் தகரக் கொட்டகை. புள்ளிகள் அதன் மேல்தான் குவிந்திருந்தன.

கொட்டகைக்குப் போன வாரம் எங்கள் வீட்டுக்காரர் புதுப் பூட்டு போட்டார். பூட்டு வாங்கியதைப் பூட்டுக்கடைக்காரர் சொல்லித்தான் எனக்கே தெரியும். கேட்டதற்கு, உள்ளே எலிமருந்து வைத்திருக்கிறேன் என்றார் இவர். நான் மேலே ஒன்றும் கேட்கவில்லை. நான் கேட்காமல் விட்டேன் என்றால் தெருவே சிரிக்கும்.

"தெருவுல எல்லார் வீட்டு விஷயமும் தெரிஞ்சவங்க நீங்கதான். இது யார் வீடுக்கா?"

மேஜைக்குப் பின்னால் ஜன்னல் திறந்திருந்தது. அதில் கறுப்பும் வெள்ளையுமாக எங்கள் தொட்டிகள் தெரிந்தன.

இவ்வளவு நேரம் பிடித்திருந்த முந்தானையை விட்டேன்.

"தெரியலியேம்மா" என்றேன்.

அவள் கோபப்படவில்லை. சரி என்பது போலத் தலையை ஆட்டிவிட்டுத் திரையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். நானும் நின்றுகொண்டிருந்தேன்.

கொட்டகையின் மேல் இன்னொரு புள்ளி வந்து விழுந்தது.