கல்லுக்கு அடியில் கரி

காலை வெயில் முட்புதர்கள்மேல் சாய்வாக விழுகிறது. பஸ் பணிமனை கட்டுவதாகச் சொல்லி அரசாங்கம் இந்த நிலத்தை எடுத்து இருபத்தாறு வருடமாகிறது. ஒரு செங்கல்கூட வைக்கவில்லை. எடுத்தது காலாவதியாகிவிட்டதாக உத்தரவு வந்து, இன்று அளந்து திருப்பித் தருகிறார்கள். மூன்று மூலைக்கற்கள் இருக்கின்றன. நாலாவதை யாரோ பிடுங்கிவிட்டார்கள். பழைய வரைபடமும் சரியாக அந்த மூலையில்தான் கிழிந்திருக்கிறது. தன் கிணறு கோட்டுக்கு உள்ளேயா வெளியேயா என்று தெரியாமல் நிலத்துக்குச் சொந்தக்காரியான தையல்காரி நகத்தைக் கடிக்கிறாள். கிணற்றுக்கு அப்பால் சர்வேயர் குத்துக்காலிட்டு மண்ணைச் சுரண்டுகிறார்.

“புதையலா சார்?” என்கிறான் அவள் தம்பி. “கரிப்பா. அப்பல்லாம் அடியில ரெண்டு கை கரி போட்டுதான் கல்லு நடுவாங்க. கல்லைத் தூக்கிட்டுப் போறவன் கரியைத் தூக்க மாட்டான். அது மக்கவும் மக்காது.” “எங்கக்கா சமைச்சதைப் போட்டிருந்தாலே போதுமே சார்.” “வாயை மூடிட்டு மண்ணை அள்ளுடா,” என்றபடி அவளும் குழியருகே மண்டியிடுகிறாள். செம்மண், சரளை, அதற்கடியில் உள்ளங்கை அகலத்துக்கு ஒரு கறுப்பு. சர்வேயர் விரலால் தேய்த்துக் காட்டுகிறார். “கிணறு உள்ளேதாம்மா இருக்கு. கோட்டுக்கு ஆறடி உள்ள.” தம்பி தலையில் கட்டிய துண்டை அவிழ்த்து முகத்தைத் துடைக்கிறான். அவளோ ஒரு துண்டுக் கரியை வெயிலில் திருப்பித் திருப்பிப் பார்க்கிறாள். மரத்தின் ரேகை இன்னும் அழியவில்லை. “குடுங்கம்மா, புதுக்கல்லுக்கு அடியில போடணும்.” அவள் தன் கையாலேயே அதைக் குழிக்குள் வைக்கிறாள். “இன்னும் ரெண்டு கை சேர்த்தே போடுங்க சார்,” என்கிறாள்.